எதிராள் வரும் பாதை

கல் இன்னும் ஆடியது. வலது மூலையை அமுக்கினால் இடது எழும்பியது, இடதை அமுக்கினால் வலது எழும்பியது. கல்யாண வீட்டில் ரெண்டு சம்பந்திகளையும் ஒரே நேரத்தில் திருப்திப்படுத்துகிற மாதிரிதான் இதுவும் என்று நினைத்துக்கொண்டு ஆவுடைத்தங்கம் கடப்பாரையால் தட்டையான அந்தப் பட்டியக்கல்லை நெம்பித் தூக்கி, அடியில் கையை விட்டு மணலைத் துழாவினாள். மணல் சில்லென்று இருந்தது. மேலே வெயில் பிடரியைப் பொசுக்குகிறது, ஒரு விரற்கடை கீழே இப்படி ஒரு குளிர்ச்சி. தூங்கும் ஆளின் போர்வைக்குள் கையை விட்டது போலிருக்க, வெடுக்கென்று கையை எடுத்தாள். சேச்சே, மணல்தானே. மணலுக்கு ஏது தூக்கம். தூங்குகிறவர் அவர்தான். திரும்பிப் பார்த்தாள். புங்கமரத்தடிக் கட்டிலில் அவர் ஒருக்களித்துப் படுத்திருந்தார், முதுகு இந்தப் பக்கம். முதுகு ஏறி இறங்குகிறதா? ஏறியது. இருக்கட்டும், இறங்குகிறதா? இறங்கியது. சரி. அவர் எழுந்திருப்பதற்குள் இந்த இடைவெளியை அடைத்துவிட வேண்டும். வீட்டின் முன்வாசலில் ஆரம்பித்துப் பாதையின் ஒரு கை, அடுப்படிக் கதவில் ஆரம்பித்து இன்னொரு கை, ரெண்டும் கொய்யா மரங்களைச் சுற்றிக்கொண்டு வந்து இங்கே, பின்வேலி ஓரத்தில் சேர வேண்டும். சேர்ந்துவிட்டால் வட்டம். வாசலில் இறங்கி நடந்தால் அடுப்படிக்கு வந்துதான் தீர வேண்டும். வட்டத்துக்கு ஏது முனை? முனை இல்லாவிட்டால் அவர் நிற்கமாட்டார். நிற்காவிட்டால் யாருக்காகவும் காத்திருக்கமாட்டார். காத்திருக்காவிட்டால் தேடிப் போகவும் மாட்டார். இந்தக் கணக்கை அவள் யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் சிரிப்பார்கள், அல்லது சிரிக்காமல் பார்ப்பார்கள். சிரிக்காமல் பார்ப்பதுதான் மோசம்.

அவர் என்றால் அவள் புருஷன் உக்கிரபாண்டி. இந்தப் பெயரை நாம்தான் சொல்ல வேண்டும், அவள் வாயில் வராது. கல்யாணமான நாளிலிருந்து வந்ததில்லை. ரேஷன் கடையில் கேட்டால் அட்டையை நீட்டுவாள், ஆஸ்பத்திரியில் கேட்டால் மகள் முகத்தைப் பார்ப்பாள், யாருமில்லாத இடத்தில் கேட்டால் "எங்க வீட்டுக்காரவுக பேருதான்" என்று இழுத்து, கேட்டவரே அலுத்துப்போய் அடுத்த கேள்விக்குப் போகும்வரை நிற்பாள். புருஷன் பெயரைச் சொன்னால் அவர் ஆயுசு குறையும் என்று அவள் அம்மா சொல்லி வளர்த்தது. அதை அவள் நம்பினாளா என்றால் இல்லை. சொன்னாளா என்றால் அதுவும் இல்லை. அவருக்கு ரயில்வேயில் வேலை, செங்கோட்டைக்கு மேலே மலைப்பாதையில். மழைக்காலம் வந்தால் ரோந்து. மண் சரிந்திருக்கிறதா, பாறை உருண்டிருக்கிறதா என்று விளக்கை ஆட்டிக்கொண்டு இருட்டில் தண்டவாளத்தோடு நடக்க வேண்டும். தண்டவாளத்தின் அடியில் கிடக்கும் கட்டைக்குக் கட்டை கால் வைத்து நடந்து நடந்து அந்தக் கால் அப்படியே பழகிவிட்டது. கடைத்தெருவில்கூட அவர் கட்டைக்குக் கட்டைதான் நடப்பார், அவள் பின்னால் ஓட்டமும் நடையுமாகப் போவாள். இப்போது புத்தி போய்விட்டது. மகள் பெயர் போய்விட்டது, சாப்பிட்டோமா என்பது போய்விட்டது, கால் மட்டும் போகவில்லை. கொத்தனார் இசக்கி வந்து வாசலில் கல்லோடு கல் சேர்த்து ஒட்டி அழகாகப் பாவிக் கொடுத்தபோது அவர் அதில் காலே வைக்கவில்லை, ஓரமாக முள்ளில் இறங்கி நடந்தார். அவள் ராத்திரியெல்லாம் யோசித்து, மறுநாள் கல்லைப் பெயர்த்து இடைவெளி விட்டு, கட்டை கிடப்பது போலக் கிடத்திப் பார்த்தாள். மனுஷன் ராஜா மாதிரி நடந்தார். "இப்பிடி எடவெளி விட்டா நடுவுல கோரை மொளைக்கும்க்கா, பாக்கவும் அசிங்கமா இருக்கும், எம் பேரக் கெடுக்காதீங்க" என்று இசக்கி கரண்டியைக் கழுவிக்கொண்டு போய்விட்டான். போனால் போகட்டும். தன் கையே தனக்குதவி. குச்சியில் அளவு வெட்டி வைத்துக்கொண்டாள், மட்டம் பார்க்க ரசமட்டம் வாங்கிக்கொண்டாள், கல்லுக்கு எங்கேயும் போக வேண்டியதில்லை, வேலிக்குப் பின்னால் கைவிட்ட கல்குவாரியில் உடைசல் பட்டியக்கற்கள் வேண்டிய மட்டும் கிடந்தன.

குவாரி என்ற நினைப்பு வந்ததும் கையிலிருந்த கொத்துக்கரண்டி நின்றது. தலையை நிமிர்த்தாமலே அது அங்கே இருப்பது தெரிந்தது. வேலியில் கல்லை இழுத்துக்கொண்டு வருவதற்காக அவளே முள்ளை விலக்கித் திறந்த வழி, அதற்கப்பால் கொஞ்சம் பாறை, அதற்கப்பால் ஒன்றுமில்லை. ஒன்றுமில்லை என்றால், கீழே தண்ணீர். பச்சைத் தண்ணீர், அசையாது, காற்றடித்தாலும் அசையாது. வழியைத் திறந்தது நான்தானே. வேலை முடிந்ததும் அடைத்துவிடலாம் என்றுதானே விட்டேன். முதலிலேயே அந்தப் பக்கத்துக் கல்லைப் பாவிவிட்டு மற்றதைப் பார்த்திருக்கலாமே, கடைசிக்கு இதைப் போய் வைத்தேனே, எந்த மூளை கெட்டவளாவது... கல்லை இந்த வழியாகத்தான் கொண்டுவர வேண்டியிருந்தது, அதனால்தான். அதனால் மட்டும்தானா? அதனால் மட்டும்தான். மணலைப் பலகையால் இழுத்துச் சமப்படுத்தினாள். போன மாசம் ஒரு சாயங்காலம் கட்டில் காலியாகக் கிடந்தது. வீடு, கிணற்றடி, ரோடு எல்லாம் பார்த்துவிட்டு வந்தால் அவர் அந்தப் பாறையின் விளிம்பில் நிற்கிறார். அப்போது வாசல் கை மட்டும்தான் பாவியிருந்தது, அது முடிகிற இடத்திலிருந்து அவர் நேராக நடந்து வேலியைத் தாண்டிப் போயிருக்கிறார், வேட்டியெல்லாம் முள். வலது கையைத் தண்ணீருக்கு மேலே நீட்டிக்கொண்டு நின்றார். விரலிடுக்கில் ஒரு ஓட்டாஞ்சில்லு. எதிரே நிற்கும் ஆளிடம் கொடுக்க நீட்டுவது போல. எதிரே யாரும் இல்லை. நிற்க இடமும் இல்லை. "ஏங்க" என்றாள். திரும்பவில்லை. "ஏங்க, ஏங்க" என்றாள். உலகத்தில் எத்தனையோ பேர் எத்தனையோ பேரை ஏங்க என்கிறார்கள், அவர் காதுக்கு அது காக்கைச் சத்தம்போல ஆகிவிட்டது. பெயரைச் சொன்னால் திரும்பியிருப்பார். பெயர் தொண்டைவரை வந்தது, முழுங்காத மாத்திரை மாதிரி அங்கேயே ஒட்டிக்கொண்டது. மெதுவாகப் பின்னால் போய் இடுப்பு வேட்டியைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்து சேர்த்தாள். வரும் வழியெல்லாம் அவர் ஒன்றையேதான் சொன்னார். "எதிராள் வரலியே. எதிராள் வரலியே."

அது ரோந்துக்காரர்களின் சட்டம். இந்தப் பக்கத்திலிருந்து ஒருவர் நடப்பார், மலைக்கு அந்தப் பக்கத்திலிருந்து இன்னொருவர் நடப்பார், மலையைக் குடைந்த ரயில் குகைக்கு நடுவில் சந்தித்து, கையிலுள்ள பித்தளை வில்லையை மாற்றிக்கொண்டு அவரவர் வந்த வழியே திரும்புவார்கள். அந்த வில்லை இருந்தால்தான் நடந்ததற்கு அத்தாட்சி. எதிராள் வரவில்லை என்றால் நின்று பார்க்க வேண்டும். நின்று பார்த்தும் வரவில்லை என்றால் திரும்பக்கூடாது, அவன் பக்கத்துக்குள்ளே தேடிக்கொண்டு போக வேண்டும். எதிராள் குட்டப்பன், மலையாளத்துக்காரன். குகைக்குள் விளக்கு தெரிகிறதுக்கு முன்னாலேயே "பாண்டீ! லைன் சுகம்!" என்று கத்துவானாம். அந்தச் சத்தம் குகை முழுக்க உருண்டு வருமாம். இவரும் வீட்டுக்கு வந்து அதே மாதிரி கத்திக் காட்டுவார், மகள் விழுந்து விழுந்து சிரிப்பாள். ஒரு ஐப்பசி மழையில் குட்டப்பன் வரவில்லை. இவர் நின்றார், பிறகு நடந்தார். குகையைத் தாண்டியபோது பாதை இல்லை. மலையே இறங்கி வந்து பாதையை எடுத்துக்கொண்டு போயிருந்தது, ஆளையும்தான். கடைசிவரை உடம்பு அகப்படவில்லை. விடிந்து வீட்டுக்கு வந்தவர், "மாத்தாம வந்துட்டேன் ஆவுடை" என்றார். அழவில்லை. வேலையிலிருந்து ஓய்வு பெறும் வரைக்கும் அதைப் பற்றி அப்புறம் ஒரு வார்த்தை பேசியதில்லை. பேசியிருந்தால் தீர்ந்திருக்குமோ என்னவோ. எல்லாம் மறந்த மனுஷனுக்கு அது மட்டும் மறக்கவில்லை, அது மட்டும் நேற்று நடந்த மாதிரி இருக்கிறது. தலையில் இருந்த மற்றதையெல்லாம் வெளியேற்றிவிட்டு அந்த இடத்தில் குட்டப்பன் வந்து குடியிருக்கிறானோ? வாடகை இல்லாத குடித்தனம். அவளுக்குத் தன் வேடிக்கை தனக்கே பிடிக்கவில்லை.

டொக் என்றது. கை நின்றது. அடியில் மணல் சரியாக நிரம்பாத கல்லில் கால் வைத்தால்தான் அந்தச் சத்தம் வரும், பொய்யான கல் என்பார்கள். அவளுக்கு ஒவ்வொன்றும் தெரியும். முருங்கை மரத்தடியில் ஒன்று பொய், கிணற்றடித் திருப்பத்தில் ஒன்று பொய், நாளைக்கு எடுத்துச் சரிசெய்ய வேண்டும். இப்போது கேட்டது முருங்கை மரத்தடி. அடுப்படிக் கை. அவர் அந்தக் கையில் நடந்ததே இல்லையே, அவர் எப்போதும் வாசல் பக்கம்தானே. கட்டிலைப் பார்த்தாள். முதுகு ஏறியது, இறங்கியது. கோழியாக இருக்கும். கோழி மிதித்தால் கல் ஆடுமா? நாய். ஆமாம், நாய். டொக். இது கிணற்றடித் திருப்பம். நாய் ஒரு கல்லை விட்டு ஒரு கல்லில் அளந்து கால் வைத்தா நடக்கும்? திரும்பிப் பார்க்கலாம். பார்த்தால் ஒன்றும் இருக்காது, அது தெரியும். ஒன்றும் இல்லாமல் சத்தம் மட்டும் வருவதைப் பார்ப்பதற்குப் பார்க்காமல் இருப்பது மேல். மணலைப் பார்த்தாள். இப்போதுதான் பலகையால் இழுத்த மணல், பாயசத்தில் ஏடு படிந்த மாதிரி வழுவழுவென்று கிடந்த மணல், அதில் ஒரு கால் பதிந்திருந்தது. வேலிப் பக்கத்திலிருந்து உள்ளே வரும் கால். தன் காலை அதன் மேல் வைத்துப் பார்த்தாள். பெரியது. நான்தான் எப்போதோ சறுக்கி மிதித்திருப்பேன், சறுக்கினால் பெரிதாகத்தானே பதியும். பலகையை எடுத்து அதை அழித்தாள். இல்லை என்று ஆக்கிவிட்டால் இல்லை. செல்போன் அடித்தபோது அவளுக்கு உயிர் போய் உயிர் வந்தது.

"யம்மா, என்ன செய்துக்கிட்டு இருக்கே? மூச்சு வாங்குது" என்றாள் சென்னையிலிருந்து மகள். "ஒண்ணுமில்ல, கல்லு பாவுதேன்." "ஒனக்குக் கிறுக்கா பிடிச்சிருக்கு? ஒரு ஆள வச்சுச் செய்யக் கூடாதா?" "ஆளுக்கு இது வெளங்காது." "அப்பா?" "தூங்குதாவ." அப்புறம் மகள் கேட்டாள், "யம்மா, அங்க வேற யாரும் வந்திருக்காவளா?" ஆவுடைத்தங்கம் போனைக் காதோடு அழுத்திக்கொண்டாள். "ஏன் கேக்கே?" "இல்ல, பின்னால யாரோ பேசுன மாதிரி இருந்துச்சு. டிவியா?" "டிவிதான்" என்றாள் அவள். வீட்டில் டிவி ஓடவில்லை. போனை மடியில் வைத்தபோது சாரல் காற்று மலையிலிருந்து இறங்கி, கொய்யா இலைகளைப் புரட்டிவிட்டுப் போனது, வெயில் மங்கியது. இன்னும் ரெண்டு மூன்று கல் போதும், விளக்கு வைக்கிற நேரத்துக்குள் முடிந்துவிடும். கல்லை நகர்த்தி, குச்சியை வைத்து அளந்து, ரசமட்டத்தின் குமிழி நடுவுக்கு வரக் காத்திருந்தாள். வட்டத்துக்கு முனை இல்லை, சரி. ஆனால் வட்டத்தில் ரெண்டு பேர் எதிரெதிராக நடந்தால்? இதை ஏன் இதுவரை நினைக்கவில்லை? முனை இருந்தால் ஒரே இடத்தில்தான் சந்திப்பார்கள். வட்டத்தில் எங்கே வேண்டுமானாலும் சந்திக்கலாம், எத்தனை தடவை வேண்டுமானாலும். ஐயோ, நான் யாருக்குப் பாதை போட்டுக்கொண்டிருக்கிறேன்? குமிழி நடுவுக்கு வராமல் ஓரத்திலேயே நின்றது. ரசமட்டத்தை எடுத்து மணலில் வைத்தாள்.

நிமிர்ந்தபோது கட்டில் காலியாக இருந்தது. அவர் வாசல் கையில் வந்துகொண்டிருந்தார். கல்லுக்குக் கல், கட்டைக்குக் கட்டை, முதுகு நேராக, ஓட்டாஞ்சில்லை விரலிடுக்கில் வைத்துக்கொண்டு. முகத்தில் தூக்கக் கலக்கமே இல்லை, வேலைக்குப் போகிறவரின் முகம். அவள் போட்ட கடைசிக் கல்லில் வந்து நின்றார். "வாங்க, காப்பி போட்டுத் தாரேன்" என்றாள். அவர் அவளைக் குனிந்து பார்த்தார். "ஏ தாயி, லைன்ல உக்காராத. வண்டி வார நேரம்" என்றார், ரொம்பத் தயவாக. பிறகு அவளைத் தாண்டி, வேலியின் திறந்த வழியைப் பார்த்துக்கொண்டு காத்து நின்றார். காத்திருப்பு முடிந்தது. எப்படித் தெரிந்தது என்றால், ஒரு பெருமூச்சு விட்டார், அந்தப் பெருமூச்சு அவளுக்குத் தெரியும். மணலில் கால் வைத்தார். அவள் எழுந்து கையைப் பிடித்தாள், உதறினார், எங்கிருந்துதான் அத்தனை பலமோ, அவள் கற்குவியலில் போய் விழுந்தாள். முழங்கை உரிந்தது. அவர் வேலியைத் தாண்டிவிட்டார். "ஏங்க!" பாறையில் ஏறிவிட்டார். "ஏங்க, நில்லுங்க, ஏங்க!" ஓடிப் பிடிக்க முடியாது, இடுப்பு எழவில்லை. இன்னும் கொஞ்சம்தான், அதற்கப்பால் ஒன்றுமில்லை. என் சாமி, என் ராசா, போயிராதீக, எனக்கு வேறே யாரு இருக்கா. ஆயுசு குறையும். குறையட்டும், இருந்தால்தானே குறைய. தொண்டையில் இருந்தது கிழித்துக்கொண்டு வெளியே வந்தது.

"பாண்டீ!"

அது அவள் குரல் இல்லை. சத்தம் அவள் வாயிலிருந்துதான் வந்தது, ஆனால் குவாரிக்குள் இறங்கிப் பாறையில் மோதி உருண்டு திரும்பி வரும்போது அது ஒரு ஆண்பிள்ளையின் குரலாக இருந்தது. அவர் நின்றார். திரும்பினார். அவர் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷத்தை அவள் மகள் பிறந்த அன்றைக்குக்கூடப் பார்த்ததில்லை. "ஏல, குட்டப்பனா? எவ்ளோ நேரம்ல நிக்கது!" என்று கிட்டே வந்து ஓட்டாஞ்சில்லை நீட்டினார். அவள் வாங்கிக்கொண்டாள். பதிலுக்குக் கையில் அகப்பட்ட ஒரு கல்சில்லைக் கொடுத்தாள். அவர் அதைத் திருப்பிப் பார்த்து இடுப்பில் செருகிக்கொண்டார். "லைன் சுகமா?" "சுகம்" என்றாள். "ஒனக்கு முழங்கையில ரத்தம் வருதே. மழையில வழுக்கிட்டியோ?" "ஆமா." "பாத்துப் போடே. நானும் வாரேன். வீட்ல ஆவுடை ஒத்தையில இருப்பா, மழைன்னா பயப்படுவா. பாவம், நல்ல பிள்ளை. இத்தன வருசத்துல ஒருநாள் எம் பேரச் சொல்லிக் கூப்பிட்டதில்ல, பாத்துக்க." இத்தனை காலத்தில் அவர் அவளைப் பற்றி இன்னொரு ஆளிடம் சொல்லி அவள் கேட்டதே இல்லை. நான்தான், நான்தான் அது என்று சொல்ல வாயெடுத்தாள். சொன்னால் குட்டப்பன் போய்விடுவான், குட்டப்பன் போய்விட்டால் அவர் மறுபடி விளிம்புக்குப் போவார். வாயை மூடிக்கொண்டாள். அவர் கல்லில் ஏறி வீட்டைப் பார்க்க நடந்தார். அவள் பின்னால் ஒரு எட்டு வைத்ததும் திரும்பி, "ஏல, எங்க வாரே? ரெண்டு பேரும் ஒரே பக்கம் போனா ஒன் பக்கத்து லைன யாரு பாக்க?" என்று சிரித்தார். அவள் நின்றாள். வேறு வழியில்லாமல் அடுப்படிக் கையில் ஏறி நடந்தாள். கிணற்றடித் திருப்பத்தில் டொக் என்றது, முருங்கை மரத்தடியில் டொக் என்றது. இப்போது நடப்பது நான்தான், எனக்குத்தான் சத்தம் கேட்கிறது, பயப்பட ஒன்றுமில்லை, அவர் வீட்டுக்குப் போய்விட்டார், விழவில்லை, பிழைத்தார், அது போதும்.

அடுப்படிக் கதவு உள்ளே தாழிட்டிருந்தது, அது எப்போதும் அப்படித்தான். சுற்றிக்கொண்டு வாசலுக்குப் போனாள். அதுவும் தாழிட்டிருந்தது. ரோந்து முடிந்து வந்தால் கதவைத் தாழிடுவது அவருடைய பழைய வழக்கம், இவ்வளவு காலம் கழித்து இன்றைக்குத்தான் வந்திருக்கிறது. கதவைத் தட்டினாள். "ஏங்க, கதவத் தொறங்க." உள்ளே அவர் குரல் கேட்டது, ஆனால் அவளிடம் இல்லை. "யாரோ தட்டுதாவ. நீ இரு ஆவுடை, நான் பாக்கேன்." ஜன்னலின் ஒரு கதவு திறந்தது. அவர் அவளை மேலும் கீழும் பார்த்தார். "குட்டப்பா, இங்க ஒனக்கு என்னடே சோலி? போ, போ. ஒன் வீட்ல தேடுவாவ" என்று நல்லபடியாகவே சொல்லிவிட்டு ஜன்னலைச் சாத்தினார். ஏங்க என்றால் அவர் காதில் விழாது. பெயரைச் சொல்லிக் கூப்பிட்டால் குட்டப்பன்தான் கூப்பிடுகிறான் என்பார். அவளிடம் மூன்றாவது சொல் இல்லை. இருட்டிக்கொண்டு வந்தது. முழங்கை எரிந்தது. வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு காதை வைத்துக் கேட்டாள். பலகையை இழுத்துப் போட்டு உட்காரும் சத்தம் கேட்டது. தட்டு வைக்கும் சத்தம் கேட்டது. சாப்பிடுகிறார், தானாகவே சாப்பிடுகிறார், ஊட்டிவிடாமல் சாப்பிட்டு எத்தனை நாளாயிற்று என்று ஒரு நிமிஷம் அவள் மனசு குளிர்ந்துபோனது. "நீ சாப்ட்டியா?" என்று அவர் கேட்டார். பதிலுக்கு எவ்வளவு நேரம் ஆகுமோ அவ்வளவு நேரம் கழித்துச் சிரித்தார். "ரசம் நல்லாருக்கு, இன்னுங் கொஞ்சம் ஊத்து" என்றார். கரண்டி பாத்திரத்தில் தட்டியது. ஜன்னல் இடுக்கு வழியாக மிளகு வாசம் வந்தது. அன்றைக்கு அவள் ரசம் வைக்கவில்லை.